ஜப்பானிய மௌனப் படங்களில் பெண்கள் ஏன் இப்படி விலைபேசப்பட்டுக்கொண்டே இருக்கிறார்கள்?

1930களின் ஜப்பானிய மௌனப் படங்கள் மூன்றை அடுத்தடுத்துப் பார்த்ததாகவும், மூன்றிலும் ஒரே கதையைக் கண்டதாகவும் எழுதியிருக்கிறீர்கள். ஒரு பெண் கெய்ஷாவாகவோ (விருந்துகளில் ஆடிப்பாடி மகிழ்விக்கும் தொழில்முறைக் கலைஞர்) மதுக்கடைப் பணிப்பெண்ணாகவோ இருந்து சம்பாதிக்கிறாள். அந்தப் பணத்தில் ஒரு தம்பியோ காதலனோ படித்து ஆளாகிறான். கடைசியில் அவள் மட்டும் சிறைக்கோ மனப்பிறழ்வுக்கோ சாவுக்கோ போய்ச் சேர்கிறாள். இது அக்காலத்து நடப்பா, ஆண் இயக்குநர்கள் கண்ணீருக்காகக் கட்டிய கதையா என்று கேட்கிறீர்கள். கூடவே, இந்தப் படங்களில் பெண்களின் சொந்தக் குரல் எங்காவது உண்டா, அடுத்து எதைப் பார்ப்பது என்றும் கேட்டிருக்கிறீர்கள். இவற்றுக்கெல்லாம் அடியில் இருப்பது ஒரே கேள்வி என்று நினைக்கிறேன்: இப்படங்களைச் சாட்சியமாக நம்பலாமா?

என் பின்னணியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். திரைப்பட வரலாறு நான் முறையாகப் படித்த துறை. பல ஆண்டுகளாக மௌனப் படங்களை மாணவர்களுக்குத் திரையிட்டுப் பாடம் நடத்திவருகிறேன். ஜப்பானிய மொழியில் என் பயிற்சி, மௌனப் படத்தின் காட்சிகளுக்கு இடையே வரும் எழுத்தட்டைகளை அகராதித் துணையோடு படிக்கும் அளவுதான். ஆகவே அக்காலத்துச் சட்டம், பத்திரிகைகள் ஆகியவற்றைப் பற்றி நான் சொல்பவை பிறர் ஆய்வின் வழியாக எனக்கு வந்தவை. படங்களைப் பற்றிச் சொல்பவை நானே பலமுறை பார்த்து எண்ணியவை. என் முடிவை முதலிலேயே வைத்துவிடுகிறேன். அந்தக் கதைகளில் வரும் கடன் உண்மையானது. அந்தக் கடனுக்காகப் பெண் அழிவதன் மீது பூசப்பட்ட அழகு மேடை நாடகத்திலிருந்து வந்தது. அந்த அழகை ஏற்க மறுத்த படங்களும் அதே ஆண்டுகளில், சில சமயம் அதே மாதத்தில் வெளிவந்தன. அவற்றையும் சேர்த்துப் பார்த்தால்தான் உங்கள் கேள்விக்கு விடை கிடைக்கும்.

முதலில் கடனைப் பார்ப்போம், ஏனெனில் இதில் ஐயத்துக்கு இடமில்லை. அன்றைய ஜப்பானில் பரத்தையர் விடுதிகள் அரசின் உரிமத்தோடு நடந்தன. ஒரு பெண்ணைச் சேர்த்துக்கொள்ளும் விடுதிக்காரர் அவளுடைய தந்தைக்கோ காப்பாளருக்கோ ஒரு தொகையை முன்பணமாகக் கொடுப்பார். அந்தப் பணம் அவள் கைக்கு வராது. திருப்பிக் கட்டும் பொறுப்பு மட்டும் அவள் உடலுழைப்பின் மீது விழும். உடைக்கும் உணவுக்கும் ஆகும் செலவும் அவள் கணக்கிலேயே ஏறும் என்பதால், வருடங்கள் ஓடியும் கடன் கரையாமல் நிற்பது சாதாரணம். 1872இல் மெய்ஜி அரசு பரத்தையரையும் கெய்ஷாக்களையும் விடுவித்து ஓர் ஆணை பிறப்பித்தது. அதையொட்டி நீதித் துறை அனுப்பிய அறிவிப்பு, உரிமைகளை இழந்துவிட்ட இப்பெண்கள் மாடு குதிரைகளுக்கு ஒப்பானவர்கள் என்றும், மாட்டிடமும் குதிரையிடமும் யாரும் கடனைத் திருப்பிக் கேட்பதில்லை என்றும் வாதிட்டது. விடுதலை தரும் ஆவணமே அவர்களை எந்த இடத்தில் வைத்துப் பேசியது என்பதை இதிலிருந்து காணலாம். விடுதிக்காரர்கள் விரைவிலேயே தங்களை வெறும் அறை வாடகைக்கு விடுபவர்களாகப் பதிவு செய்துகொண்டு பழைய தொழிலைத் தொடர்ந்தார்கள். 1900இல் அன்றைய உயர்ந்த நீதிமன்றம், ஒரு பெண்ணைத் தொழிலில் கட்டிவைக்கும் ஒப்பந்தம் செல்லாது என்றது. ஆனால் வாங்கிய கடன் செல்லும் என்ற நிலை அப்படியே இருந்தது. அதாவது சட்டப்படி அவள் வெளியே போகலாம். போனால் கடன் அவள் பெற்றோரின் வாசலில் வந்து நிற்கும். அந்த முன்பணக் கடனே செல்லாது என்று ஜப்பானிய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது 1955இல்தான். நீங்கள் பார்த்த படங்கள் எல்லாம் இந்த இடைப்பட்ட காலத்தில் எடுக்கப்பட்டவை. குடும்பத்தைக் கைவிட்டால்தான் தன்னை மீட்டுக்கொள்ள முடியும் என்ற நிலையில் அந்தப் பெண்கள் இருந்தார்கள், அதைச் சட்டமே உருவாக்கியிருந்தது.

இதன் மேல் பொருளாதாரம் வந்து விழுந்தது. 1927இல் வங்கி நெருக்கடி, அதைத் தொடர்ந்து உலகப் பெருமந்தம், பட்டு விலை வீழ்ச்சி, 1931இலும் 1934இலும் வடகிழக்கு மாநிலங்களில் குளிரால் விளைச்சல் பொய்த்தது என அடிமேல் அடி. யமகாத்தா மாநிலத்தின் இசசாவா என்ற கிராமத்தில் எடுக்கப்பட்ட ஒரு புகைப்படம் ஜப்பானியப் பாடநூல்கள் வரை சென்று சேர்ந்திருக்கிறது: மகளை விற்கும் நிலை வந்தால் எங்கள் ஆலோசனை நிலையத்துக்கு வாருங்கள் என்ற அறிவிப்பு ஊர்ப் பலகையில் ஒட்டப்பட்டிருக்கிறது. இடைத்தரகர்களிடம் ஏமாறாமல் இருப்பதற்காக ஒட்டப்பட்டது அது. மகளை விற்பது ஊரறிய நடக்கும் காரியமாக இருந்தது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை. நகரத்தில் வேறொரு தொழில் பெருகியிருந்தது. கஃபே எனப்பட்ட மதுக்கடைகளில் பணிபுரிந்த பெண்கள் பலருக்குச் சம்பளம் என்று ஒன்றே கிடையாது. வாடிக்கையாளர் தரும் இனாமே வருமானம். அந்த இனாமுக்காக எவ்வளவு நேரம் சிரிக்க வேண்டும், எங்கே மறுக்கலாம் என்பதை ஒவ்வொரு மேசையிலும் அவளே முடிவு செய்தாக வேண்டும். இந்தக் காலத்துப் படங்களில் கெய்ஷாவுக்கு அடுத்தபடியாகக் கஃபே பெண் வந்துகொண்டே இருப்பதற்குக் காரணம் இதுதான்.

அடுத்தது அந்த அழகு. ஜப்பானிய மேடையில் பெண்கள் நடிப்பதற்கு 1629இல் தடை வந்தது. பெண் வேடங்களை ஆண்களே நூற்றாண்டுகளாக ஏற்றார்கள். சினிமா வந்தபோது அந்த வழக்கமும் கூடவே வந்தது. 1910களின் படங்களில் வஞ்சிக்கப்பட்ட மனைவியாகவும் விற்கப்பட்ட மகளாகவும் அழுதவர்கள் ஆண் நடிகர்கள். திரையரங்கில் படத்தருகே இருந்து அவர்களுக்குக் குரல் கொடுத்த பென்ஷி எனப்படும் கதைசொல்லிகளும் பெரும்பாலும் ஆண்களே. 1920இல் ஷோச்சிக்கு நிறுவனம் படத் தொழிலில் இறங்கி, நடிப்புப் பள்ளி தொடங்கி, நடிகைகளை முன்னிறுத்தியது. 1921இல் அறிமுகமான குரிஷிமா சுமிக்கோ நாடு முழுவதும் அறிந்த நட்சத்திரமானார். 1922 இறுதியில் நிக்கட்சு நிறுவனத்தின் முகோஜிமா படப்பிடிப்பு நிலையத்திலிருந்து பெண் வேட நடிகர்கள் கூட்டாக வெளியேறியதோடு பழைய முறை முடிவுக்கு வந்தது. ஆனால் உருவம் மாறினாலும் கதை மாறவில்லை. 'ஷின்பா' எனப்பட்ட புதுப்பாணி மேடை நாடகம், பெண்ணின் தியாகத்தையே தன் உயிர்நாடியாக வைத்திருந்தது. அவள் எவ்வளவு இழக்கிறாளோ அவ்வளவு உயர்ந்தவள் என்பது அதன் கணக்கு. நடிகைகள் திரைக்கு வந்தபோது, ஆண்கள் தங்களுக்காக எழுதி நடித்து மெருகேற்றிய அந்தப் பாத்திரங்களுக்குள்தான் நுழைய வேண்டியிருந்தது.

நீங்கள் பார்த்த மூன்றில் இயக்குநர் மிசோகுச்சி கென்ஜியின் இரண்டு படங்களும் இந்த மரபின் நேர் வாரிசுகள். இரண்டுமே எழுத்தாளர் இசுமி கியோக்காவின் கதைகளைக் கொண்டவை. 1933இல் வந்த 'தாகி நோ ஷிராயிதோ'வில் நீரை வைத்து வித்தை காட்டும் மேடைக் கலைஞர் ஒருத்தி, வண்டியோட்டும் இளைஞன் ஒருவனைச் சட்டம் படிக்க டோக்கியோவுக்கு அனுப்புகிறாள். அவனுக்கு அனுப்பும் பணத்துக்காகக் கடன் வாங்கி, அதைக் கொள்ளை கொடுத்து, கடன்காரனைக் கொன்று கைதாகிறாள். அவள் மீதான வழக்கில் அரசுத் தரப்பு வழக்கறிஞராக அவனே வந்து நிற்கிறான். 1935இல் வந்த 'காகிதக் கொக்கு ஓசென்' படத்தில் போலிக் கலைப்பொருள் கும்பலிடம் சிக்கிய ஓசென், ஓர் இளைஞனை மருத்துவராக்கத் தன்னை அழித்துக்கொள்கிறாள். காவலர்கள் இழுத்துச் செல்லும்போது அவனுக்காக ஒரு காகிதக் கொக்கை வாயால் ஊதி அனுப்புகிறாள். பல ஆண்டுகள் கழித்து, மழையில் ரயில் தாமதமாகும் ஒரு நிலையத்தின் காத்திருப்பு அறையில், மருத்துவனான அவன் மனம் சிதைந்த அவளைக் கண்டுபிடிக்கிறான். அப்போது நடிகை யமதா இசுசுவுக்குப் பதினெட்டு வயதுகூட நிரம்பவில்லை.

இந்தப் படங்களை நான் மதிக்கிறேன். அவற்றின் மீது எனக்குள்ள மனத்தாங்கலையும் மறைக்க விரும்பவில்லை. நீதிமன்றக் காட்சியில் கேமரா யாருடைய வேதனையை நோக்கி நகர்கிறது என்று கவனியுங்கள். அவள் கொலை செய்ததற்கான காரணம் பணம். ஆனால் படம் அந்தக் காரணத்தை விட்டு விலகி, கடமைக்கும் நன்றிக்கும் நடுவே தவிக்கும் ஆணின் முகத்துக்குப் போய்விடுகிறது. அவள் நாவைக் கடித்து உயிர் விடுகிறாள். பிறகு அவனும் தன்னைச் சுட்டுக்கொள்கிறான். இருவரும் செத்துவிட்டதால் கணக்கு நேராகிவிட்டது என்று பார்ப்பவருக்குத் தோன்றுகிறது. அது நேராகவில்லை. அவன் படித்தான், அவள் படிக்கவில்லை. இவ்வளவும் சொன்னபின் ஒன்றைச் சேர்க்க வேண்டும். மிசோகுச்சியின் தந்தை தொழிலில் நொடித்தபோது அக்கா சுசு தத்துக் கொடுக்கப்பட்டு, பிறகு கெய்ஷாவானார்; தாய் இறந்தபின் தம்பியைத் தாங்கியவர் அந்த அக்காதான். பெண்ணின் வீழ்ச்சியில் ஆண் எழுவது என்பது அவருக்குக் கேள்விப்பட்ட கதையாக இருக்கவில்லை. ஆனால் அவர் படங்கள் அனைத்தையும் அக்காவுக்குச் செலுத்தும் பரிகாரமாக விளக்குவோர் உண்டு; அதை நான் பாதிதான் ஏற்கிறேன். குற்றவுணர்வு ஓர் இயக்குநரை ஒரு கருவுக்கு இழுத்துச் செல்லலாம். அந்தக் கரு எந்த வடிவத்தில் வரும் என்பதைக் கதையும் மேடையும் நிறுவனமும் சேர்ந்தே முடிவு செய்தன.

கண்ணீரைக் கோபமாக மாற்ற முயன்ற படம் 1930இல் வந்தது. சுசுகி ஷிகெயொஷி இயக்கிய 'அவளை அப்படிச் செய்ய வைத்தது எது?' என்ற அந்தப் படம் புஜிமோரி செய்கிச்சியின் நாடகத்தைத் தழுவியது. சுமிக்கோ என்ற அனாதைப் பெண்ணை மாமா சர்க்கஸுக்கு விற்றுவிடுகிறார். அங்கிருந்து தப்பி, திருட்டுக்குத் துணை, காப்பகம், பணக்கார வீட்டு வேலை என்று கைமாறிக்கொண்டே போய், கடைசியில் பெண்களைத் திருத்துவதாகச் சொல்லும் ஒரு கிறித்தவ இல்லத்தில் சேர்கிறாள். ஒரு கடிதம் எழுதிய குற்றத்துக்காக எல்லார் முன்னிலையிலும் பாவமன்னிப்புக் கேட்க நிர்ப்பந்திக்கப்படும்போது அவள் அந்த இடத்துக்குத் தீ வைக்கிறாள். படத்தின் தலைப்பே பார்வையாளரை நோக்கிய கேள்வி. படம் பெரும் வசூல் கண்டது. 'கினெமா ஜும்போ' இதழ் அவ்வாண்டின் தற்காலக் கதைப் படங்களில் முதலிடம் தந்தது. இடதுசாரிச் சாய்வுப் படங்கள் என்று அழைக்கப்பட்ட இந்த அலையைத் தணிக்கை விரைவிலேயே நசுக்கிவிட்டது. படமும் பல பத்தாண்டுகள் தொலைந்துபோய், 1990களில் ரஷ்ய ஆவணக் காப்பகம் ஒன்றில் தொடக்கமும் முடிவும் இல்லாமல் கிடைத்தது. ஆகவே அந்தத் தீயை இன்று நாம் பார்க்க முடியாது. எழுத்தட்டை வழியாகத்தான் அறிகிறோம். நடிப்பும் காட்சியமைப்பும் இன்றைய கண்ணுக்கு மிகையாகத் தோன்றலாம். ஆனால் ஒரு பெண்ணின் துன்பத்துக்கு அவளுடைய விதியோ தியாக உள்ளமோ காரணமில்லை, பெயர் சொல்லக்கூடிய மனிதர்களும் நிறுவனங்களுமே காரணம் என்று வரிசையாகக் காட்டிய துணிவுக்காகவே அதைப் பார்க்க வேண்டும்.

இப்போது 1933க்கு வருகிறேன். உங்கள் கேள்விக்கு என் விடை இங்கேதான் இருக்கிறது. மிசோகுச்சியின் நீர்வித்தைக்காரி திரைக்கு வந்த அதே ஜூன் மாதத்தில், ஷோச்சிக்குவின் காமாத்தா படப்பிடிப்பு நிலையத்திலிருந்து இயக்குநர் நருசே மிக்கியோவின் 'ஒவ்வோர் இரவின் கனவுகள்' வந்தது. அதில் குரிஷிமா சுமிக்கோ துறைமுக மதுக்கடையில் வேலை பார்க்கும் ஒமிட்சுவாக நடிக்கிறார். சிறு மகனைப் பக்கத்து வீட்டு முதியவர்கள் பார்த்துக்கொள்கிறார்கள். மூன்றாண்டுகளுக்கு முன் விட்டுப்போன கணவன் மிசுஹாரா வேலையில்லாமல், தேய்ந்த காலணியோடு திரும்பி வருகிறான். நல்லவன், குழந்தையோடு உட்கார்ந்து விளையாடுகிறான், மதுக்கடை வேலையை விட்டுவிடு என்று மனைவியிடம் சொல்கிறான். விட்டால் சோற்றுக்கு என்ன வழி என்ற கேள்விக்கு மட்டும் அவனிடம் பதில் இல்லை. மகன் கார் விபத்தில் சிக்குகிறான், மருத்துவத்துக்குப் பணம் வேண்டும், கணவன் திருடுகிறான். திருட்டுப் பணத்தை ஏற்க மறுத்து, காவல்துறையிடம் சரணடையச் சொல்கிறாள் அவள். அவன் ஒரு கடிதம் எழுதி வைத்துவிட்டுப் போய் நீரில் மூழ்கிச் சாகிறான்.

இந்த இடத்தில் மேடை மரபு என்ன எதிர்பார்க்கும் என்று யோசித்துப் பாருங்கள். விதவை பிணத்தின் மீது விழுந்து அழ வேண்டும்; கணவனின் சாவு அவனுடைய குறைகளைக் கழுவ வேண்டும். ஒமிட்சு அந்தக் கடிதத்தைப் பல்லால் கடித்துக் கிழிக்கிறாள். செத்துப்போனவனைக் கோழை என்று திட்டுகிறாள். பிறகு படுக்கையில் கிடக்கும் மகனிடம், நீ வலிமையானவனாக வளர வேண்டும் என்கிறாள். துக்கம் இல்லாமல் இல்லை, முகம் முழுக்க அதுதான். ஆனால் அந்தத் துக்கத்துக்குள் ஒரு வழக்கு இருக்கிறது: நீ போய்விட்டாய், நாளைக்கும் கடைக்குப் போக வேண்டியவள் நான். சாவு தப்பித்தலாகவும் உயிரோடிருப்பது உழைப்பாகவும் இங்கே இடம் மாறிவிடுகின்றன. பத்தாண்டுகளாகத் தியாகப் பெண்களாக நடித்துப் பழகிய நட்சத்திரத்தின் முகத்தில் இந்தச் சினத்தைப் பார்த்த அன்றைய பார்வையாளர்களுக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று ஒவ்வொரு முறையும் எண்ணிப் பார்க்கிறேன்.

இது ஒரு தனிப் படத்தின் விதிவிலக்கு என்று நினைத்துவிட வேண்டாம். அதே ஆண்டு பிப்ரவரியில், அதே காமாத்தா நிலையத்திலிருந்து வந்த ஓசு யசுஜிரோவின் 'டோக்கியோ பெண்' முக்கால் மணி நேரத்துக்குச் சற்றே கூடுதலான படம். சிக்காக்கோ பகலில் அலுவலகத் தட்டச்சாளர். மாலையில் ஒரு பேராசிரியருக்கு மொழிபெயர்ப்பில் உதவுவதாகத் தம்பியிடம் சொல்கிறாள். உண்மையில் அவனுடைய கல்லூரிப் படிப்புக்காக இரவில் தன்னை விற்கிறாள். தொடக்கத்தில் ஒரு காவலர் அவளுடைய அலுவலகத்துக்கு வந்து விசாரிக்கும்போது, மேலாளர் அவளைப் பற்றி நல்லபடியாகவே சொல்கிறார். உண்மை தெரிந்ததும் தம்பி அவளை அடிக்கிறான், வெளியேறுகிறான், தற்கொலை செய்துகொள்கிறான். அவன் உடலருகே சிக்காக்கோ அழுதுகொண்டே சொல்வதும் கிட்டத்தட்ட ஒமிட்சு சொன்னதுதான்: இதற்காகவா செத்தாய், நீ கோழை. செய்தி தேடி வந்த நிருபர்கள் இதில் பெரிய செய்தி ஒன்றுமில்லை என்று பேசிக்கொண்டு தெருவில் நடந்து போகிறார்கள். இங்கேயும் படித்தவன் ஆண், செலவழித்தவள் பெண். ஆனால் மிசோகுச்சியிடம் ஆணின் மனச்சாட்சியாகப் போற்றப்படும் அந்த உணர்வு, ஓசுவிடம் ஒரு மாணவனின் தாங்கும் சக்தியற்ற மானமாகச் சுருங்கிவிடுகிறது. அவனுக்கு அவளுடைய உழைப்பு தெரியவில்லை, களங்கம் மட்டுமே தெரிகிறது. இரண்டு வெவ்வேறு இயக்குநர்கள், சில மாத இடைவெளியில், தற்கொலை செய்துகொண்ட ஆணை உயிரோடிருக்கும் பெண்ணின் வாயால் கண்டிக்க வைத்தார்கள் என்பதைத் தற்செயல் என்று என்னால் ஒதுக்க முடியவில்லை. காமாத்தாவின் தலைவர் கிடோ ஷிரோ பெண் பார்வையாளர்களை மனத்தில் வைத்தே படங்களைத் திட்டமிட்டார் என்பது நன்கு அறியப்பட்டது. அரங்கில் இருந்த பெண்களில் பலர் இந்தக் கண்டனத்துக்காகக் காத்திருந்திருக்க வேண்டும் என்பது என் ஊகம், அதற்கு மேல் அதை நான் அழுத்த மாட்டேன்.

நருசேயின் மற்ற இரு படங்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 'உன்னைப் பிரிந்து' (1933) படத்தில் வயதாகிக்கொண்டிருக்கும் கெய்ஷா கிக்குயேவைப் பார்த்து அவளுடைய மகனே கூசுகிறான். தெருகிக்கு என்ற இளம் கெய்ஷா அவனைக் கடலோரத்திலுள்ள தன் வீட்டுக்கு அழைத்துப் போகிறாள். அங்கே குடிகாரத் தந்தை, அடுத்த மகளையும் இதே தொழிலில் தள்ளப் பார்க்கிறான். தங்கையைக் காப்பாற்ற வேண்டுமானால் தான் இன்னும் அதிகம் சம்பாதிக்கும் இடத்துக்குப் போயாக வேண்டும் என்று அவள் முடிவெடுக்கிறாள். மேலே நான் சொன்ன முன்பணக் கணக்கு இத்தனை நேராக வேறெந்தப் படத்திலும் வெளிப்படுவதில்லை: ஒருத்தியின் விடுதலைக்கு விலை இன்னொருத்தியின் கூடுதல் ஆண்டுகள். 'முடிவில்லாத் தெரு' (1934) படத்தில் கஃபே பெண் சுகிக்கோ பணக்கார வீட்டுக்கு மருமகளாகப் போய், மாமியாரும் நாத்தனாரும் தரும் அவமதிப்பைத் தாங்காமல் வெளியேறுகிறாள். விபத்தில் சிக்கி மரணப் படுக்கையில் கிடக்கும் கணவனின் முன்பே அந்த வீட்டாரிடம் நேருக்கு நேர் பேசிவிட்டு, மறுபடி கஃபே வேலைக்குத் திரும்புகிறாள். திருமணம் மீட்பு ஆகவில்லை, வேலையும் மீட்பு ஆகவில்லை. ஆனால் இரண்டில் எதைத் தாங்க முடியும் என்பதை அவள் தேர்ந்தெடுக்கிறாள். ஷிமிசு ஹிரோஷியின் 'துறைமுகத்து ஜப்பானியப் பெண்கள்' (1933) அழகான படம்; யோக்கஹாமாவின் சரிவுச் சாலைகளுக்காகவே பார்க்கலாம். பிழைப்பின் கணக்கை அறிய அது அவ்வளவாக உதவாது.

இனி ஐயத்துக்குரியவை. சிக்காக்கோ இரவில் சம்பாதித்தது கம்யூனிஸ்ட் இயக்கத்துக்காகவும் இருக்கலாம், தணிக்கைக்கு அஞ்சி அது மறைக்கப்பட்டது என்று சில ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். கிசுகிசுப்பாகச் சொல்லப்பட்டு நமக்குக் காட்டப்படாத ஒரு தகவல் படத்தில் இருக்கிறது என்பதும், அக்காலக் காவல்துறை எதைத் தேடி அலைந்தது என்பதும் இந்த வாசிப்புக்கு இடம் தருகின்றன. நாம் பார்க்கும் பிரதியை மட்டும் வைத்து அதை நிறுவ முடியாது. இரண்டாவது, மிஞ்சியிருப்பவை மிகச் சில. 1923 நிலநடுக்கம், போர்க்காலக் குண்டுவீச்சு, நிறுவனங்களின் அலட்சியம் ஆகியவற்றில் ஜப்பானிய மௌனப் படங்களின் பெரும்பகுதி அழிந்துவிட்டது. மிசோகுச்சி 1920களில் எடுத்த பல பத்துப் படங்களில் ஏறக்குறைய எல்லாமே போய்விட்டன. கையில் இருக்கும் சில படங்களை வைத்து அக்காலத்து ஜப்பானிய சினிமா பெண்ணை இப்படித்தான் காட்டியது என்று பொதுப்படச் சொல்பவர்களிடம் எச்சரிக்கையாக இருங்கள். நான் மேலே சொன்னவற்றுக்கும் இந்த வரம்பு பொருந்தும். மூன்றாவது பென்ஷி. அரங்கில் ஒமிட்சுவின் சினத்துக்குக் குரல் கொடுத்தவர் ஒரு பென்ஷி. அவர் அதை எவ்வளவு கூட்டினார், எவ்வளவு தணித்தார் என்பது அரங்குக்கு அரங்கு மாறியிருக்கும். இன்று சவாத்தோ மிதோரி என்ற பெண் பென்ஷி 'தாகி நோ ஷிராயிதோ'வுக்குக் கதை சொல்லும்போது, அதே பிம்பங்களில் பெண்ணின் பக்கம் கனம் கூடுவதை உணரலாம். அதையே 1933இன் அனுபவம் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

பெண்களின் சொந்தக் குரல் பற்றிய உங்கள் கேள்விக்குக் கடுமையான விடைதான் உண்டு. படங்களில் இல்லாதவர்கள் யார் என்று முதலில் பாருங்கள். நூற்பாலைகளிலும் பட்டுநூல் ஆலைகளிலும் விடுதிகளில் அடைக்கப்பட்டு உழைத்த லட்சக்கணக்கான இளம்பெண்கள் அக்காலத் தொழிலுற்பத்தியின் முதுகெலும்பு. அவர்களும் பெற்றோர் வாங்கிய முன்பணத்துக்கு உழைத்தவர்கள்தாம். அவர்களுடைய இரவு வேலைக்கான தடை நடைமுறைக்கு வந்தது 1929இல். எஞ்சியுள்ள படங்களில் அவர்கள் ஏறக்குறைய இல்லை. கெய்ஷாவுக்கும் கஃபே பெண்ணுக்கும் ஒளியும் உடையும் பாட்டும் உண்டு, இயந்திரத்தின் முன் நிற்பவளுக்கு அவை இல்லை என்பதே காரணம் என்று கருதுகிறேன். எழுத்தில் நிலைமை வேறு. கஃபேயில் வேலை பார்த்த ஹயாஷி ஃபுமிக்கோ தன் நாட்குறிப்பிலிருந்து உருவாக்கிய 'ஹோரோகி' 1930இல் நூலாகி அமோகமாக விற்றது. பசியும் அடுத்த வேளைக் கூலியும் அதில் ஒரு பெண்ணின் சொல்லிலேயே வருகின்றன.

திரைக்குப் பின்னால் சில பெண்கள் இடம் பிடிக்கப் போராடினார்கள். நீர்வித்தைக்காரியாக நடித்த இரியே தக்காக்கோ 1932இல் சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கியவர். 'தாகி நோ ஷிராயிதோ' அந்த நிறுவனத்தின் படம். ஓர் ஆணின் படிப்புக்குப் பணம் போடும் பெண்ணின் கதைக்கே ஒரு பெண்ணின் நிறுவனம் பணம் போட்டது. மிசோகுச்சியிடம் உதவியாளராக இருந்த சகானே தசுக்கோ 1936இல் ஒரு முழுநீளப் படத்தை இயக்கி ஜப்பானின் முதல் பெண் இயக்குநரானார். அந்தப் படம் இன்று இல்லை. போருக்குப் பின் இயக்குநர் வேலை அவருக்குத் திரும்பக் கிடைக்கவில்லை. காட்சிக் குறிப்பாளராகப் பணிபுரிந்தே காலத்தைக் கழித்தார். சிக்காக்கோவாக நடித்த ஒக்காதா யொஷிக்கோ 1938 ஜனவரியில் நாடக இயக்குநர் சுகிமோத்தோ ரியோகிச்சியோடு சக்காலின் தீவின் பனி எல்லையைக் கடந்து சோவியத் ஒன்றியத்துக்குள் போனார். இருவரும் கைதானார்கள், சுகிமோத்தோ மறு ஆண்டு சுட்டுக் கொல்லப்பட்டார், யொஷிக்கோ ஏறத்தாழப் பத்தாண்டுகளைச் சிறையிலும் முகாமிலும் கழித்தார். 1972இல்தான் மறுபடி ஜப்பானிய மண்ணை மிதித்தார். இந்த வாழ்க்கைகளை நான் படங்களின் மீது ஏற்றிப் படிக்கச் சொல்லவில்லை. திரையில் பெண்ணின் பிழைப்பைப் பற்றிப் பேசிய அந்தத் தொழிலே, தன்னிடம் வேலை செய்த பெண்களுக்கு எத்தனை சிறிய இடம் விட்டது என்பதற்காகச் சொல்கிறேன்.

அடுத்து என்ன பார்ப்பது என்றால், நீங்கள் மிசோகுச்சியில் தொடங்கிவிட்டீர்கள் என்பதால் 'ஒவ்வோர் இரவின் கனவுகள்', 'டோக்கியோ பெண்' இரண்டையும் ஒரே மாலையில் பாருங்கள். இரண்டும் சேர்ந்தே இரண்டு மணி நேரம் ஆகாது. முதல் முறை பார்க்கும்போது, குறுந்தகடுகளில் பின்னாளில் சேர்க்கப்பட்ட இசையை அணைத்துவிடுங்கள். இரங்க வேண்டிய இடத்தை அந்த இசை முன்கூட்டியே முடிவு செய்துவிடுகிறது. யார் கையிலிருந்து யார் கைக்குப் பணம் போகிறது என்பதை மட்டும் குறித்துக்கொண்டே வாருங்கள். பிறகு 'உன்னைப் பிரிந்து'. அதன்பின் 'அவளை அப்படிச் செய்ய வைத்தது எது?'. கடைசியாக, பேசும் படம்தான் என்றாலும், மிசோகுச்சி 1936இல் எடுத்த 'நானிவா எரெஜி'யைப் பாருங்கள். ஓசெனாக நடித்த அதே யமதா இசுசு அதில் தொலைபேசி இணைப்பகப் பெண்ணாக வருகிறார். தந்தை கையாடிய 300 யென்னை அடைக்க முதலாளியின் வைப்பாகிறார். அண்ணனின் படிப்புக்கும் பணம் தருகிறார். எல்லாம் முடிந்தபின் அந்தக் குடும்பமே அவரை வீட்டில் வைத்துக்கொள்ள மறுக்கிறது. தியாகத்தின் மீது மிசோகுச்சி தாமே பூசிய மெருகை ஓராண்டு இடைவெளியில் எவ்வளவு தூரம் சுரண்டி எடுத்துவிட்டார் என்பதை, ஓசெனைப் பார்த்த கையோடு இதைப் பார்த்தால் நீங்களே அளந்துகொள்ள முடியும்.